ஓட்டத் தெரியும், எழுதத்தான் பயம்



போன மாரி காலத்தில் ஒரு நாள் இரவு பதினொரு மணி இருக்கும். எங்கள் தோட்டத்தின் கீழ்ப்பிரிவில் ஒரு தங்கைக்குப் பிரசவ வலி எடுத்தது. தோட்டத்து வாகனம் பழுது என்றார்கள். கடைசி லயத்தில் இருக்கிற ஒரு தம்பி தன் ஆட்டோவை எடுத்துக்கொண்டு வந்தார். மழை, பனிமூட்டம், பாதி ரோடு பள்ளம். அந்தப் பிள்ளையையும் அவளுடைய அம்மாவையும் ஏற்றிக்கொண்டு ஒரு மணித்தியாலத்துக்குள் ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டார். தாயும் பிள்ளையும் சுகம்.

திரும்பி வரும்போது டவுனில் பொலிசார் மறித்தார்கள். வண்டிக்குக் காப்புறுதி இருந்தது, வரிப்பத்திரம் இருந்தது. சாரதி அனுமதிப்பத்திரம் மட்டும் இல்லை. வழக்கு நீதிமன்றத்துக்குப் போனது. நடந்ததைத் தம்பி சொன்னார். ஆனால் லைசன் இல்லாமல் ஓட்டியது ஓட்டியதுதானே. 25,000 ரூபாய் தண்டம். 2024 செப்டெம்பரில் வர்த்தமானியில் வந்த 1,350 ரூபாய் நாட்சம்பளக் கணக்கில் பார்த்தால், ஒரு தொழிலாளி பத்தொன்பது நாள் முழுப் பேர் போட்டாலும் கையில் மிச்சமாவது ஒன்றுமில்லை.

லயத்து மக்கள் ஐம்பதும் நூறுமாகச் சேர்த்துக் கொடுத்தார்கள். காசைக் கொண்டுபோய்க் கொடுத்த அன்று நான் அவரிடம் கேட்டேன்: "நாலு வருசமா ஓட்டுறீங்களே தம்பி, ஏன் லைசன் எடுக்கல?"

அவர் தலையைக் குனிந்துகொண்டு சொன்னார்: "ஓட்டிக் காட்டுற பரீட்சைக்குப் பயமில்ல டீச்சர். எழுதுற பரீட்சைக்குத்தான் பயம்."

அந்தத் தம்பி என்னிடம் ஐந்தாம் ஆண்டு படித்தவர். நான் நியமனம் பெற்று வந்த முதல் வருடத்து வகுப்பு அது. கணக்கில் கெட்டிக்காரர், வாசிப்பில் தடுமாறுவார். அந்தத் தடுமாற்றத்தோடேயே நான் அவரை ஆறாம் ஆண்டுக்கு ஏற்றி அனுப்பினேன். எட்டாம் ஆண்டோடு படிப்பை நிறுத்திவிட்டு கொழும்பில் கடை வேலைக்குப் போனார். ஆகவே அந்த 25,000 ரூபாயில் என் பங்கும் இருக்கிறது. இந்தக் கட்டுரையை நான் எழுத அதுதான் காரணம்.

அவர் முயற்சி செய்யாமலும் இல்லை. இரண்டு வருடங்களுக்கு முன் ஒருவர் "எழுத்துப் பரீட்சையை நான் பார்த்துக்கொள்கிறேன், நீ வந்து உட்கார்ந்தால் போதும்" என்று சொல்லிப் பணம் வாங்கியிருக்கிறார். பிறகு அந்த மனிதரின் தொலைபேசி வேலை செய்யவில்லை. இப்படிப் பணம் கொடுத்து ஏமாந்தவர்கள் எத்தனை பேர் என்று உங்கள் தோட்டத்தில் கேட்டுப் பாருங்கள். வெட்கத்தினால் முதலில் ஒருவரும் சொல்ல மாட்டார்கள். ஒருவர் வாயைத் திறந்தால் நாலு பேர் திறப்பார்கள்.

நானும் தவறியவள்தான்

இன்னொன்றையும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். ஸ்கூட்டர் எடுத்த புதிதில் இந்த எழுத்துப் பரீட்சையில் நானும் முதல் தடவை தவறினேன். பட்டம் பெற்றவள், பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுப்பவள், தமிழில் எழுதிய பரீட்சையிலேயே தவறினேன். படிக்காமல் போனேன் என்பது ஒரு காரணம். "நமக்குத் தெரியாததா" என்ற மண்டைக்கனம் அடுத்த காரணம். "பின்வருவனவற்றுள் பிழையான கூற்று எது?" என்று கேட்ட இடத்திலெல்லாம் சரியான கூற்றைத் தேடிப் பிடித்து அடையாளம் போட்டுவிட்டு வந்தேன்.

ஆசிரியையே தவறுகிற பரீட்சை என்று சொல்லி உங்களைப் பயமுறுத்த வரவில்லை. இந்தப் பரீட்சையில் தவறுவதற்கும் மூளைக்கும் சம்பந்தமில்லை என்று சொல்ல வருகிறேன். ஒரு மணித்தியாலத்தில் 40 வினாக்கள். ஒவ்வொன்றுக்கும் விடைகளை அவர்களே கீழே தந்திருப்பார்கள். சரியானதைத் தெரிவு செய்தால் போதும். கட்டுரை எழுதத் தேவையில்லை, எழுத்துப்பிழை பார்க்க மாட்டார்கள். சில இடங்களில் இப்போது கணினித் திரையில் நடக்கிறது. சிங்களம், தமிழ், ஆங்கிலம் என்று மூன்று மொழிகளிலும் எழுதலாம். நமக்குத் தமிழில் எழுதுகிற உரிமை யாரும் போடுகிற பிச்சை இல்லை. 1987 ஆம் ஆண்டின் 13 ஆவது அரசியலமைப்புத் திருத்தம் தமிழையும் அரச கரும மொழியாக்கியது. விண்ணப்பம் கொடுக்கும்போதே "தமிழ் மொழிமூலம்" என்று தெளிவாகச் சொல்லுங்கள்.

பிள்ளை மடுவத்தில் ஒரு வகுப்பு

தண்டம் கட்டிய அடுத்த வாரமே தோட்டத் தலைவரோடு பேசி, புதன், சனி இரண்டு மாலைகளில் பிள்ளை மடுவத்தைத் திறந்து வைத்தோம். ஒன்பது பேர் வந்தார்கள். ஆறு தம்பிமார், மூன்று பெண்கள். அந்த மூன்று பேரில் ஒருவர் மலையில் கொழுந்தெடுக்கும் அக்கா. நாற்பது வயது தாண்டியவர். "மகனுக்கு ஸ்கூட்டர் ஓட்ட தெரியுது, எனக்கு மட்டும் ஏன் தெரியக் கூடாது" என்று கேட்டுக்கொண்டு வந்தார். ஆறு வாரம் நடத்தினோம். அதில் நாங்கள் கண்டவற்றைச் சொல்கிறேன். உங்கள் தோட்டத்திலும் உதவும்.

முதலாவது தடை, சொல். வினாத்தாளில் இருப்பதும் தமிழ், நாம் பேசுவதும் தமிழ். ஆனால் இரண்டும் ஒன்றையொன்று கண்டால் அடையாளம் தெரியாது. "முந்திச் செல்லல்" என்று வாசித்துவிட்டு ஒரு தம்பி முழித்தார். "ஓவர்டேக்" என்றேன். "அதத்தான் தினமும் செய்றோமே டீச்சர்" என்றார். எனவே ஒரு கொப்பியில் நடுவே கோடு போட்டோம். இடப்பக்கம் வினாத்தாள் தமிழ், வலப்பக்கம் நம் தமிழ். சுற்றுவட்டம் என்றால் ரவுண்டபவுட். பாதசாரி கடவை என்றால் மஞ்சள் கோடு. சமிக்ஞை என்றால் சிக்னல். ஒருவழிப் பாதை என்றால் வன்வே. கனரக வாகனம் என்றால் லொறியும் பஸ்ஸும். இரண்டு வாரத்தில் கொப்பியில் அறுபது எழுபது சொற்கள் சேர்ந்துவிட்டன. பாதிப் பயம் அந்தக் கொப்பியோடு போய்விட்டது.

இரண்டாவது, பலகைகள். தோட்டத்துக்குள் ஒரு சமிக்ஞை விளக்கும் இல்லை, வீதிப் பலகையும் இல்லை. கண்ணால் காணாததை மனப்பாடம் செய்வது கஷ்டம். அதனால் ஒவ்வொரு பலகையாகப் பாடமாக்காமல் முதலில் வடிவத்தையும் நிறத்தையும் பிடித்துக்கொள்ளச் சொன்னேன். மஞ்சள் நிறச் சாய்சதுரம் "கவனம், முன்னால் ஏதோ இருக்கிறது" என்று எச்சரிக்கிறது. சிவப்பு வட்டம் "செய்யாதே" என்று தடுக்கிறது. நீல வட்டம் "இப்படித்தான் செய்ய வேண்டும்" என்று கட்டளை இடுகிறது. எட்டு மூலை உள்ள சிவப்புப் பலகை, நில். தலைகீழ் முக்கோணம், வழிவிடு. வடிவம் தெரிந்தால் உள்ளே இருக்கும் படத்தைப் பார்த்தே பெரும்பாலான வினாக்களுக்கு விடை கண்டுபிடிக்கலாம். பிள்ளைகளின் பழைய கலண்டர் அட்டைகளை வெட்டி, நிறம் தீட்டி, மடுவத்துச் சுவரில் ஒட்டினோம். காலையில் வருகிற சின்னப் பிள்ளைகள்தான் எல்லோருக்கும் முந்தி அவற்றைப் பாடமாக்கினார்கள்.

மூன்றாவது, என்னைக் கவிழ்த்த அதே குழி. "பிழையானது எது", "செய்யக் கூடாதது எது", "அல்லாதது எது" என்று வருகிற வினாக்கள். இதற்கு ஒரே மருந்து, வினாவை முடிவு வரை வாசிப்பது. விரலை வைத்து வாசியுங்கள். கடைசிச் சொல்லில் விரல் நிற்கும்போதுதான் விடைகளைப் பார்க்க வேண்டும். தெரிந்த வினாக்களை முதலில் முடித்துவிட்டு, சந்தேகமானவற்றுக்குப் பிறகு திரும்பி வாருங்கள். ஒரு மணித்தியாலம் நாம் நினைப்பதை விட நீளமானது. நாங்கள் மூன்று தடவை மணிக்கூட்டை வைத்து 40 வினாக்கள் செய்து பார்த்தோம். வாசிப்பில் தடுமாறுகிற தம்பிக்குக்கூட மூன்றாவது தடவை நேரம் மிஞ்சியது.

மலையில் இருக்கிற விதி

நான்காவது, விதிகள். இங்கேதான் எனக்கு ஒரு பாடம் கிடைத்தது.

ஒடுங்கிய மலை வீதியில் இரண்டு வாகனங்கள் எதிரெதிரே வந்தால் யார் வழிவிட வேண்டும்? இறங்கி வருகிறவர்தான் ஏறி வருகிறவருக்கு வழிவிட வேண்டும். நான் புத்தகத்தைப் பார்த்து விளக்க ஆரம்பித்தேன். ஏறுகிற வாகனம் ஒருமுறை நின்றால் மறுபடி எடுப்பது கஷ்டம், பின்னால் உருளவும் கூடும் என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே அந்தக் கொழுந்தெடுக்கிற அக்கா குறுக்கிட்டார்: "இதென்ன டீச்சர் புதுசா? கொழுந்து சாக்கோட ஒருத்தி ஏத்தத்துல ஏறி வந்தா, வெறுங்கையோட இறங்கி வர்றவதான் ஒதுங்கி நிப்பா. இது ஆதிகாலத்துல இருந்து மலைல உள்ளதுதானே."

எல்லோரும் சிரித்தார்கள். அந்த வினாவுக்கு ஒன்பது பேரில் ஒருவரும் அதன் பிறகு பிழையாக விடை சொல்லவில்லை. வீதி விதி என்பது நமக்குச் சம்பந்தமில்லாத யாரோ கொழும்பிலிருந்து எழுதி அனுப்பியது என்று நினைக்கிறோம். அதில் பாதி நம் தாய்மார் மலையில் தினமும் நடந்துகொள்கிற முறைதான். பாரம் சுமப்பவருக்கு வழிவிடு. முன்னால் போகிறவர் எப்போது நிற்பார் என்று தெரியாது, இடைவெளி விட்டுப் போ. வளைவுக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று தெரியாது, மெதுவாகப் போ.

மற்றப் பாதி நாம் புதிதாகப் படிக்க வேண்டியது. சில பழக்கங்களைக் கைவிடவும் வேண்டும். 2022 இல் பெற்றோலுக்கு வரிசையில் நின்று, கியூ.ஆர். கோட்டாவுக்கு எண்ணெய் அடித்த காலத்தில், இறக்கத்தில் எஞ்சினை நிறுத்திவிட்டு வண்டியை உருட்டிக்கொண்டு போகிற பழக்கம் நம் தம்பிமாரிடம் ஒட்டிக்கொண்டது. இன்னும் போகவில்லை. கியர் இல்லாமல் இறங்கினால் வண்டியின் முழுப் பாரமும் பிரேக்கின் மேல் விழும். தொடர்ந்து மிதித்தால் பிரேக் சூடாகிப் பிடிமானம் போய்விடும். எந்தக் கியரில் அந்த ஏற்றத்தை ஏறுவீர்களோ, அதே மாதிரிக் குறைந்த கியரில்தான் அந்த இறக்கத்தை இறங்க வேண்டும். வினாத்தாளில் இது ஒரு புள்ளி. வீதியில் இது உயிர்.

பனிமூட்டத்தில் பெரிய வெளிச்சம் போட்டால் மூட்டத்தில் பட்டுத் திரும்பி நம் கண்ணையே கூசவைக்கும். டிம் வெளிச்சம்தான் போட வேண்டும். சுற்றுவட்டத்தில் வலப்பக்கமிருந்து வருகிறவருக்கு வழி. ஆட்டோவுக்கு வேக எல்லை மணிக்கு 40 கிலோமீற்றர். பாதுகாப்பற்ற ரயில் கடவையில் நின்று, இரண்டு பக்கமும் பார்த்து, காது கொடுத்துக் கேட்ட பிறகே கடக்க வேண்டும். சம்பள நாள் மாலையில் ஒரு வாய் குடித்தவர் சாவியைத் தொடவே கூடாது. இந்த விதிகளில் ஒன்றுகூட நமக்கு அநியாயம் செய்வதில்லை.

2023 ஜனவரி 20 ஆம் திகதி இரவு நானுஓயா, ரதெல்ல குறுக்கு வீதியில் பஸ்ஸும் வேனும் ஆட்டோவும் மோதியதில் ஏழு உயிர்கள் போனதை நாம் யாரும் மறந்திருக்க மாட்டோம். அந்தச் சரிவை அறியாதவர்கள் நம் பகுதியில் குறைவு. எந்த விபத்துக்கும் தீர்ப்புச் சொல்வது என் வேலை அல்ல. ஆனால் நம் வீடுகள் இருப்பதே இப்படியான சரிவுகளில். நம் பிள்ளைகள் ஸ்கூல் வேனில் போவதும், நம் பெண்கள் லொறியின் பின்னால் நின்றுகொண்டு தூரத்து மலைக்குப் போவதும் இதே வீதிகளில். அந்த வாகனத்தை ஓட்டுகிறவர் விதியைப் படித்தவரா, காசுக்குக் கடதாசி வாங்கியவரா என்பது நமக்குச் சின்ன விசயமா?

"தொழிற்சங்கத்துக்கு இது வேலையா?"

இதை நான் மாவட்டக் கூட்டத்தில் பேசியபோது ஒரு மூத்த தோழர் கேட்டார்: "சம்பளப் பிரச்சினை கிடக்கு, வீட்டுக் காணிப் பிரச்சினை கிடக்கு. லைசனுக்கு வகுப்பு நடத்துறதுதான் சங்கத்து வேலையா, டீச்சர்?" நியாயமான கேள்வி. நியாயமாகவே பதில் சொல்கிறேன்.

எத்தனை தோட்டங்களில் லைசன் இல்லாத தொழிலாளியை "இன்றைக்கு மட்டும் எடு" என்று சொல்லி டிராக்டரில் ஏற்றுகிறார்கள்? ஆட்டோ லைசன் இருக்கிறவரையே டிராக்டரில் ஏற்றுகிறார்கள். ஆட்டோவுக்குப் பி1 வகுப்பு. கைடிராக்டருக்கு ஜி1, பெரிய விவசாய டிராக்டருக்கு ஜி. ஒன்றுக்கு எடுத்த அனுமதி மற்றதற்குச் செல்லாது. விபத்து நடக்கும் வரை யாரும் கேட்க மாட்டார்கள். நடந்த அன்று எல்லோரும் கேட்பார்கள். உரிய லைசன் இல்லாதவர் ஓட்டினார் என்றால் காப்புறுதி கைவிரிக்கும். "எடு" என்று சொன்னவர் "நான் சொல்லவே இல்லை" என்பார். வழக்கும் பழியும் தொழிலாளியின் தலையில். அப்போது சங்கக் காரியாலயத்துக்குத்தானே ஓடி வருகிறோம்? வந்த பிறகு போராடுவது சங்கத்து வேலை என்றால், வராமல் தடுப்பதும் சங்கத்து வேலைதான்.

லைசன் இல்லாமல் ஓட்டுபவருக்கு மட்டும் சட்டம் தண்டம் விதிக்கவில்லை. லைசன் இல்லாதவரை ஓட்டுவதற்கு அமர்த்துபவருக்கும் விதிக்கிறது. இதைத் தோட்டத் தலைவர்மார் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். "எனக்கு இந்த வாகனத்துக்கு அனுமதி இல்லை, ஐயா" என்று ஒரு தொழிலாளி சொன்னால், அது வேலை மறுப்பு ஆகாது. அவருக்குப் பின்னால் சங்கம் நிற்க வேண்டும்.

சிலர் வேறு மாதிரிச் சொல்வார்கள்: "ஓட்டத் தெரிந்தால் போதாதா, கடதாசி எதற்கு?" தோழர்களே, கடதாசி இல்லாமல் வாழ்வது என்றால் என்ன என்று இந்த நாட்டில் நம்மைவிட அறிந்தவர் யார்? 1948 குடியுரிமைச் சட்டம் நம் பாட்டன் பாட்டிமாரை ஒரே நாளில் நாடற்றவர் ஆக்கியது. 1964 ஒப்பந்தம் குடும்பங்களை இரண்டு நாட்டுக்குப் பங்கு போட்டது. 2003 ஆம் ஆண்டின் 35 ஆம் இலக்கச் சட்டம் வரும்வரை எத்தனை பேர் இங்கேயே பிறந்து, இங்கேயே உழைத்து, ஒரு துண்டுக் கடதாசிக்காக அலைந்தார்கள்! அன்று கடதாசியை நம்மிடமிருந்து பறித்தார்கள். இன்று எழுதி எடுக்கக்கூடிய கடதாசியைப் பயத்தினால் நாமே வேண்டாம் என்று விடலாமா?

இன்னும் சிலர், "அவன் ஆட்டோ ஓட்டுவதால் மலைக்கு ஆள் குறைகிறது" என்பார்கள். மலைக்கு ஆள் குறைவது ஆட்டோவினால் இல்லை. மலையில் தருகிற சம்பளத்தினால். ஒரு வீட்டில் ஒருவர் கையில் முறையான லைசன் இருந்தால், அந்த வீடு தோட்டத்துச் சம்பளத்தை மட்டும் நம்பி நிற்க வேண்டியதில்லை. அப்படி நிற்க வேண்டியதில்லாத வீடுதான் சங்கக் கூட்டத்திலும் நிமிர்ந்து பேசும்.

நாம் கேட்க வேண்டியவை

படிப்பது நம் கடமை. ஆனால் எல்லாச் சுமையையும் பரீட்சைக்குப் போகிறவரின் தலையில் மட்டும் ஏற்றிவிடக் கூடாது. எங்கள் ஒன்பது பேரும் விண்ணப்பம் போடப் போனபோது நடந்ததைச் சொல்கிறேன். இரண்டு பேருக்குப் பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர், அடையாள அட்டையில் இன்னொரு பெயர். பதிந்தவர் காதில் விழுந்தபடி எழுதிய பெயரை இருபத்தைந்து வருடம் கழித்துத் திருத்த அலைய வேண்டியிருக்கிறது. மருத்துவச் சான்றிதழுக்குத் தேசிய போக்குவரத்து வைத்திய நிறுவனத்தின் கிளைக்கு ஒரு நாள். விண்ணப்பத்துக்கு ஒரு நாள். பரீட்சைக்கு ஒரு நாள். மூன்று நாள் பேர் போனது; பஸ் காசு தனி. ஒரு கருமபீடத்தில் தமிழில் கேட்டதற்குத் தமிழில் பதில் சொல்ல ஆள் இருக்கவில்லை. நம் லயங்களுக்கு இலக்கமும் இல்லை, முகவரியும் இல்லை. தபாலில் வருகிற எதுவும் தோட்டக் காரியாலயத்து மேசையில் கிடந்து, யாராவது கண்ணில் பட்டால்தான் வீட்டுக்கு வரும்.

இவற்றுக்கு நம் சங்கம் மூன்று கோரிக்கைகளை முன்வைக்க வேண்டும் என்பது என் கருத்து.

ஒன்று: மோட்டார் போக்குவரத்துத் திணைக்களமும் வைத்திய நிறுவனமும் பெருந்தோட்டப் பகுதிகளுக்கு நடமாடும் சேவையாக ஒரே நாளில் வர வேண்டும். பெயர்த் திருத்தத்துக்காகப் பதிவாளர் காரியாலயமும் அவர்களோடு வர வேண்டும். மூன்று நாள் அலைச்சல் ஒரு நாளாகும்.

இரண்டு: மலையக மாவட்டங்களில் உள்ள ஒவ்வொரு கருமபீடத்திலும் தமிழில் பதில் சொல்லக்கூடிய ஒருவராவது இருக்க வேண்டும். வினாத்தாளின் தமிழையும் ஓட்டுகிறவர்களுக்கு விளங்குகிற தமிழாக்க வேண்டும். விதியை அறிந்தவரா என்று பார்ப்பதற்குத்தான் பரீட்சை. அகராதி அறிந்தவரா என்று பார்ப்பதற்கு இல்லை.

மூன்று: தோட்டத்துக்காக வாகனம் ஓட்டுகிற, ஓட்டப் போகிற ஒவ்வொரு தொழிலாளிக்கும் உரிய வகுப்பு லைசன் எடுக்கும் செலவையும், அதற்குப் போகிற நாட்களின் சம்பளத்தையும் நிர்வாகமே ஏற்க வேண்டும். கத்தியும் கூடையும் எப்படித் தொழிலுக்கு வேண்டிய சாமானோ, சாரதிக்கு லைசனும் அப்படியே.

கடைசியாக

எங்கள் ஒன்பது பேரில் முதல் தடவையிலேயே ஆறு பேர் சித்தியடைந்தார்கள். கொழுந்தெடுக்கும் அக்கா அதில் ஒருவர். அந்தத் தம்பி அதில் இல்லை. பரீட்சை முடிந்து வெளியே வந்தவர் என்னோடு பேசாமல் பஸ் ஏறிவிட்டார். அந்தப் புதன்கிழமை வகுப்புக்கு வரமாட்டார் என்றுதான் நினைத்தேன். ஏழு மணிக்குக் கொப்பியை மடித்துச் சேர்ட்டுக்குள் வைத்துக்கொண்டு, மழையில் நனைந்தபடி வந்தார். "எங்க பிழைச்சேன்னு தெரியும் டீச்சர். கடைசிச் சொல்ல பார்க்காம விட்டுட்டேன்" என்றார். இரண்டாவது தடவை எழுதினார். சித்தியடைந்தார்.

இன்னும் ஓட்டிக் காட்டுகிற பரீட்சை இருக்கிறது. அதுவரைக்கும் ஆட்டோவை லைசன் உள்ள அவருடைய மச்சான் ஓட்டுகிறார். லீசிங் காசு கட்ட வேண்டுமே. தம்பி எல் பலகை போட்ட லேனர்ஸ் வண்டியில் பழகப் போகிறார். நாலு வருடம் ஓட்டியவர் இப்போது போய்ப் பழகுகிறாரா என்று லயத்தில் சிலர் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். அடுத்த முறை நடு இரவில் ஒரு பிள்ளைத்தாய்ச்சியை ஏற்றிக்கொண்டு போகும்போது, பொலிஸ் வெளிச்சத்தைக் கண்டால் அவருடைய நெஞ்சு அடிக்காது.

தோட்டத் தலைவர்மார்களே, மாதர் சங்கத்துச் சகோதரிகளே, இளைஞர்களே! உங்கள் தோட்டத்தில் வாகனம் ஓட்டுகிறவர்கள் எத்தனை பேர், அவர்களில் உரிய லைசன் உள்ளவர்கள் எத்தனை பேர் என்று ஒரு கொப்பியில் எழுதுங்கள். யாரையும் காட்டிக்கொடுப்பதற்காக இல்லை, கூட்டிக்கொண்டு வருவதற்காக. வாரத்தில் இரண்டு மாலை, ஒரு விளக்கு, ஒரு சுவர், வாசிக்கத் தெரிந்த ஒருவர் போதும். தரகருக்குக் கொடுக்க வைத்திருக்கும் காசில் பிள்ளைகளுக்குக் கொப்பி வாங்குங்கள். தனியாக இருக்கும்போது அந்த வினாத்தாளைப் பார்த்துப் பயந்தவர்கள்தான் நாங்கள் ஒன்பது பேரும். மடுவத்தில் ஒன்றாக உட்கார்ந்து விரல் வைத்து வாசித்தபோது அந்தப் பயம் நிற்கவில்லை.

தோழமையுடன்,
ஒரு தோட்டப் பாடசாலை ஆசிரியை